வாய் காயும் வரைக்கும்

கண்ணகிக்கு ஒரு கெட்ட பழக்கம் உண்டு. புரியாத ஒரு சொல் காதில் விழுந்துவிட்டால் அதை லேசில் விடமாட்டாள். நர்சிங் பள்ளியில் கூடப் படித்த பெண்கள் எல்லாம் உருப்போட்டார்கள், பரீட்சை எழுதினார்கள், மறந்துபோனார்கள். இவள் மட்டும், நைனார்பாளையத்தில் கடலைக்காய் பிடுங்கிக்கொண்டிருக்கும் தன் அம்மாவிடம் சொன்னால் புரியுமா என்று ஒவ்வொரு சொல்லையும் உரசிப் பார்த்துக்கொண்டிருந்தாள். புரியாது என்று பட்டால் பாடம் எடுப்பவர்களின் உயிரை எடுப்பாள்.

அப்படி அவளைப் பிடித்து ஆட்டிய சொல் ஒன்று இருந்தது. அட்ரோபினைசேஷன். பூச்சிமருந்து விஷம் ஏறியவர்களுக்கு என்ன செய்ய வேண்டும் என்ற பாடத்தில் ஒரு வரி: நோயாளியை முழு அட்ரோபினைசேஷனுக்குக் கொண்டுவந்து அந்த நிலையிலேயே வைத்திருக்கவும். அட்ரோபின் ஒரு ஊசி மருந்து என்பது அவளுக்குத் தெரியும். எத்தனை ஊசி? அதுதான் எங்கேயும் போடவில்லை. தலைவலி மாத்திரைக்குக்கூட அளவு எழுதிவைத்திருக்கிற புத்தகத்தில், உயிர் போகிற காரியத்துக்கு அளவு இல்லையா என்று அவளுக்குக் கோபமே வந்துவிட்டது.

அந்தச் சொல்லுக்குப் பொருள் கல்வராயன் மலையடிவாரத்தில்தான் அவளுக்குக் கிடைத்தது. மலைக்கு இந்தப் பக்கம் நாலு கட்டில் போட்ட ஒரு சின்ன ஆஸ்பத்திரியில் வேலைக்குச் சேர்ந்தாள். முதல் பருத்தி சீசனிலேயே மருந்தடித்துச் சுருண்டவர்களைக் கட்டிலோடு தூக்கிக்கொண்டு வந்தார்கள். பூச்சிமருந்து உடம்புக்குள் போனதும் உள்ளே இருக்கிற குழாயெல்லாம் திறந்துகொள்கிறது. எச்சில், கண்ணீர், வேர்வை, நெஞ்சுச்சளி எல்லாம் ஒரேயடியாகப் பெருகும். கண்ணின் பாப்பா கடுகளவாகச் சுருங்கிவிடும். குளம் குட்டை எதுவும் வேண்டாம், மனுஷன் தன் தண்ணீரிலேயே மூழ்கிச் சாவான். அட்ரோபின் அந்தக் குழாய்களை மூடுகிறது. எத்தனை ஊசி என்பது எவ்வளவு விஷம் உள்ளே போயிற்று என்பதைப் பொறுத்தது. அதை யார் அளந்தார்கள்? அதனால் புத்தகத்தில் எண் இல்லை. வாய் காய்ந்து, கண்ணின் பாப்பா விரிந்து, நெஞ்சில் கறகறப்பு அடங்கி, நாடி வேகமாக ஓடத் தொடங்கும்வரை போட வேண்டும். போட்டு அந்த நிலைக்கு வந்ததும் கைகழுவிவிட்டுப் போகவும் முடியாது. ஊசியின் வேகம் சீக்கிரம் தணியும், விஷம் தணியாது. நாள்கணக்கில் அதே நிலையில் பிடித்து நிறுத்த வேண்டும்.

இத்தனையும் சேர்ந்துதான் அந்த ஒரு சொல். ஒரு சொல்லுக்கு இவ்வளவு நீட்டி முழக்க வேண்டுமா என்று கேட்பவர்கள் பருத்திக்காட்டில் மருந்தடித்ததில்லை என்று அர்த்தம். கண்ணகி அதை நீட்டவும் இல்லை. "வாய் காயற வரைக்கும் போடணும், காய்ஞ்சத மறுபடி நனைய வுடக்கூடாது" என்று தனக்குத்தானே தமிழ்ப்படுத்தி வைத்துக்கொண்டாள். ஒவ்வொரு வருஷமும் ஆடி பிறக்கும்போதே மேலிடத்தை நச்சரித்துப் பெட்டி பெட்டியாக அட்ரோபின் வாங்கி அடுக்கியும் வைத்துவிடுவாள். நச்சரிப்பதில் அவளை மிஞ்ச ஆள் கிடையாது.

எண்பத்தேழாம் வருஷம் செப்டம்பரில் இடஒதுக்கீடு கேட்டு மறியல் நடந்த வாரம் அது. சாலை நெடுக மரங்களை வெட்டிச் சாய்த்திருந்தார்கள். சின்னசேலத்துக்கும் பஸ் இல்லை, கள்ளக்குறிச்சிக்கும் பஸ் இல்லை. ரோட்டில் பஸ் ஓடாவிட்டால் காய்ப்புழு பருத்தியைத் தின்னாமல் இருக்குமா? வீரமுத்து மருந்தடிக்கப் போனான். அடுத்தவர் காட்டில் கூலிக்கு மருந்தடிப்பவன் அவன். முதுகில் மாட்டியிருந்த டேங்க் ஒழுகியது. சட்டை நனைந்தால் வெயிலுக்குக் குளுமையாக இருக்கிறது என்று அப்படியே அடித்துக்கொண்டிருந்தான். மதியத்துக்குள் வரப்பில் விழுந்தான்.

கட்டிலோடு தூக்கி வந்தபோது வாயில் நுரை வழிந்துகொண்டிருந்தது. கண்ணகி அவன் துணியை எல்லாம் கழற்றி எறிந்து, சோப்புப் போட்டுத் தேய்த்துக் குளிப்பாட்டினாள். டாக்டர் தெய்வசிகாமணி சின்ன வயசு, நல்ல நிதானம். பெரிய ஆஸ்பத்திரிக்கு அனுப்ப வழியில்லை என்றதும் உடனே ஊசியை எடுத்தார். போட்டுக்கொண்டே இருந்தார்கள். பொழுது சாய்வதற்குள் வாய் காய்ந்தது, கறகறப்பு அடங்கியது. அதன்பிறகு இரண்டு பேரும் மாற்றி மாற்றி உட்கார்ந்து அதே நிலையில் பிடித்து வைத்திருந்தார்கள்.

விடிந்ததும் அடிவாரத்து ஊர் ஒன்றிலிருந்து பிரசவ வலி என்று ஆள் வந்தது. குழந்தை குறுக்கே கிடக்கிறதாம். ஜீப் போகாது. டாக்டர் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு வரப்பிலேயே நடந்து போனார்.

"இதே நெலையில வச்சிருங்க கண்ணகி. நழுவ வுட்டுடாதீங்க" என்றார்.

"நீங்க போங்க சார், நான் பாத்துக்கறேன்" என்றாள்.

ஊசிகளைக் கொதிக்க வைக்க அவள் பின்கட்டுக்குப் போனாள். அந்த நேரத்தில்தான் வீரமுத்து பேச ஆரம்பித்தான். முகம் ரத்தமாய்ச் சிவந்திருந்தது. கண்ணின் பாப்பா அகல விரிந்து கிடந்தது. உதடு வெடித்து, நாக்கு ஒட்டிக்கொண்டது. காற்றில் எதையோ கிள்ளிக் கிள்ளி எடுத்தான். "அப்பா வந்து நிக்கறாரு, வரப்புல" என்றான். அப்பா செத்து ஆறு வருஷம் ஆகிறது.

மருந்து முழுதாக ஏறியிருக்கிறது என்பதற்கு இவை எல்லாம் அடையாளம். கண்ணகி பார்த்திருந்தால், கொஞ்சம் ஜாஸ்தியாகவே ஏறிவிட்டது, அடுத்த ஊசியைச் சற்றுத் தள்ளிப் போடலாம் என்று நினைத்திருப்பாள். பார்த்தது அவன் அண்ணன் முனியன். வாய் காய்வதும், காற்றைக் கிள்ளுவதும், செத்தவர்கள் வந்து நிற்பதும் எதன் அடையாளம் என்று அந்தப் பக்கத்தில் எல்லோருக்கும் தெரியும்.

"அப்பன் கூப்புட வந்துட்டாரு. இனிமே இன்னா இருக்குது" என்றான் முனியன். "இது மருந்து கேசு. இங்க உசுரு போச்சின்னா போலீசு வரும், அறுத்துடுவாங்க. மூச்சு இருக்கும்போதே முழு ஒடம்பா வூட்டுக்குக் கொண்டு போயிடணும்."

வீரமுத்துவின் பெண்சாதி பாப்பாத்தி வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள். வாயில் ஊற்ற ஒரு கிளாஸ் பால் வாங்கி வரச்சொன்னாள்.

கண்ணகி திரும்பி வந்தபோது கட்டில் காலி. நரம்பில் ஏறிக்கொண்டிருந்த குளுக்கோஸ் பாட்டில் மட்டும் கம்பியில் ஆடிக்கொண்டிருந்தது. மாட்டுவண்டி வாசலைத் தாண்டிப் போய்க்கொண்டிருந்தது. அவள் கூப்பிடவில்லை, கெஞ்சவில்லை. ஊசித்தட்டையும் அட்ரோபின் பெட்டியையும் வாரிக்கொண்டு ஓடினாள். ஓடுகிற வண்டியில் தொற்றி ஏறி வீரமுத்துவின் தலைமாட்டில், பாப்பாத்திக்குப் பக்கத்தில் உட்கார்ந்துவிட்டாள்.

"எறங்குங்க நர்சம்மா" என்றான் முனியன்.

"எறங்க மாட்டேன். வண்டி எங்க போவுதோ நானும் அங்க வரேன்."

"நீங்க இன்னா பண்ணுவீங்க, ஆயிசு முடிஞ்சி போச்சி."

"முடியல. வாய் காய்ஞ்சிதுன்னா மருந்து ஜெயிக்குதுன்னு அர்த்தம். நல்லதுக்குத்தான் காய்ஞ்சிருக்குது."

முனியன் அவளைப் பரிதாபமாகப் பார்த்தான். "ஆறுதலுக்குப் பொய் சொல்றீங்க" என்று சொல்லிவிட்டு மாட்டை அதட்டினான். அவனைச் சொல்லியும் குற்றமில்லை. வாய் காய்ந்தால் நல்லது என்று யார் சொன்னாலும் நம்புகிற பேச்சா அது?

அவர்கள் ஊருக்குப் போக மெயின்ரோட்டைத் தாண்ட வேண்டும். அங்கே ஒரு பெரிய புளியமரம் குறுக்கே விழுந்து கிடந்தது. அதன்மேல் முப்பது நாற்பது பேர் உட்கார்ந்திருந்தார்கள். காலனி வண்டி என்று தெரிந்ததும் சிலர் முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். முனியன் வண்டியை விட்டிறங்கி, துண்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு தயங்கித் தயங்கிப் போனான். நடுவில் உட்கார்ந்திருந்த பொன்னுரங்கம் என்பவர் எழுந்து வந்து வண்டிக்குள் எட்டிப் பார்த்தார். அவரும் பருத்தி போடுகிறவர்தான். வீரமுத்துவின் முகத்தைப் பார்த்ததும் மரத்தின் பக்கம் திரும்பினார்.

"சாவப் போற உசுர மறிக்கறதுக்கா நாம ரோட்ல ஒக்காந்துகினு கீறோம்? எழுந்திருங்கடா, மரத்தப் பெரட்டுங்க" என்றார்.

அத்தனை பேரும் எழுந்து கிளைகளைப் பிடித்தார்கள். முகத்தைத் திருப்பிக்கொண்டவர்களும் பிடித்தார்கள்.

"மரத்த எடுக்காதீங்க" என்றாள் கண்ணகி.

கைகள் நின்றுவிட்டன. அந்த மரத்தை எடுக்கச் சொல்லிப் போலீஸ் வந்து சொல்லிவிட்டுப் போயிருக்கிறது, தாசில்தார் வந்து சொல்லிவிட்டுப் போயிருக்கிறார். அரசாங்கச் சம்பளம் வாங்குகிற ஒருத்தி வெள்ளைப்புடவையோடு மாட்டுவண்டியில் நின்றுகொண்டு மரத்தை எடுக்காதே என்கிறாள்.

"இந்த மரம் நவுந்துதுன்னா இவன் செத்துடுவான்" என்றாள் அவள். "இவன் பொழைக்கற எடம் பின்னால இருக்குது."

அப்போதுதான் பாப்பாத்தி கண்ணகியின் கையைப் பிடித்து இழுத்தாள். அவள் முகத்தில் ஒரு தெளிச்சி.

"நர்சம்மா, இங்க பாருங்க. வாயி ஈரமாயிடுச்சி. பேச்சு நின்னுடுச்சி. என் சாமி கண்ணத் தொறந்துட்டான்."

கண்ணகி குனிந்து பார்த்தாள். வீரமுத்துவின் கடைவாயில் எச்சில் மினுங்கிக்கொண்டிருந்தது. கண்ணின் பாப்பா சுருங்கத் தொடங்கியிருந்தது. ஊசியின் வேகம் தணிகிறது. எடுத்துச் சொல்ல நேரமில்லை. சொன்னாலும் நம்பமாட்டார்கள். அவள் பாப்பாத்தியின் தலையைப் பிடித்துக் குனியவைத்து, அவள் காதை அவள் புருஷன் நெஞ்சின்மேல் வைத்து அழுத்தினாள்.

"கேளு. நேத்து கட்டில்ல தூக்கியாந்தீங்களே, வழியெல்லாம் கேட்டுதே, அந்த சத்தந்தான?"

பாப்பாத்தி கேட்டாள். உள்ளே தண்ணீர் கறகறத்தது. அவள் முகத்தில் இருந்த சந்தோஷம் செத்துப்போனது.

"அதேதான்" என்றாள்.

"இந்த ஈரந்தான் எமன். காயவைக்கறேன் பாரு. வெரல அவன் நாக்கு மேல வச்சிக்கினே இரு."

நடுரோட்டில், மாட்டுவண்டியில், அத்தனை பேர் பார்க்க ஊசி போட்டாள். பார்த்தாள். மறுபடி போட்டாள். பொன்னுரங்கம் மேல்துண்டை விரித்து வெயிலுக்கு மறைப்புப் பிடித்தார். முனியன் சக்கரத்தைப் பிடித்துக்கொண்டு நின்றான். பாப்பாத்தி விரலை எடுக்கவே இல்லை. இன்னும் ஒரு ஊசி உள்ளே போய்ச் சற்றுப் பொறுத்து, "காயுது" என்றாள் மெதுவாக. கொஞ்ச நேரம் கழித்து, "ஒட்டுது" என்றாள். அப்புறம் யாரும் சொல்லாமல் தானே குனிந்து நெஞ்சில் காதை வைத்தாள். நிமிர்ந்தபோது முனியனைப் பார்த்தாள்.

"வண்டியத் திருப்புங்க மாமா."

முனியன் வாயைத் திறந்தான்.

"நான் காதால கேட்டுட்டன். திருப்புங்க" என்றாள் பாப்பாத்தி. புருஷனின் அண்ணன் முன்னால் நிமிர்ந்துகூடப் பேசாதவள் அவள்.

பொன்னுரங்கமும் இன்னும் நாலைந்து பேரும் ஆஸ்பத்திரிவரை வண்டியோடு நடந்தே வந்தார்கள். வழியெல்லாம் கேள்வி. மருந்தடிக்கும்போது எதனால் வாய் ஊறுகிறது, சட்டை நனைந்தால் என்ன செய்வது, வீட்டில் யாராவது விழுந்தால் எதைப் பார்ப்பது. கண்ணகி சளைக்காமல் சொல்லிக்கொண்டே வந்தாள். அந்த மருந்துமுறைக்கு இங்கிலீஷில் என்ன பேர் என்று ஒருவர் கேட்டதற்கு மட்டும், "பேர வுடுங்க, வாய் காயற வரைக்கும்னு ஞாபகம் வச்சிக்கோங்க" என்றாள். எத்தனை படித்தவர்கள் எத்தனை சொல்லை வாயில் போட்டு மென்றுவிட்டுப் போகிறார்கள். ஒரு சொல்லை இப்படி உடைத்து நடுரோட்டில் எல்லோர் கையிலும் கொடுத்த மனுஷியைக் கும்பிடத்தான் தோன்றுகிறது.

அன்றைக்குப் பிறகு பாப்பாத்தி கட்டிலை விட்டு நகரவில்லை. சாப்பிட்டதும் அங்கேதான், கண்ணயர்ந்ததும் அங்கேதான். நாக்கில் விரல் வைப்பாள், நெஞ்சில் காது வைப்பாள். பாட்டிலில் ஏறுவது போதும், வாயில் ஒரு சொட்டுத் தண்ணீர் ஊற்றக் கூடாது என்று கண்ணகி சொல்லியிருந்தாள். "ஈரம்" என்று அவள் குரல் கேட்டால் டாக்டரோ கண்ணகியோ ஊசியோடு வருவார்கள். பிரசவம் பார்த்துவிட்டுத் திரும்பிய டாக்டர் நடந்ததைக் கேட்டுச் சிரித்தார், பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டார். நாளாக ஆக ஊசிகளுக்கு நடுவில் இடைவெளியை நீட்டிக்கொண்டே போனார். மறியல் முடிந்தது, பஸ் ஓடத் தொடங்கியது. இனி எங்கேயும் அனுப்ப வேண்டியதில்லை என்றார்.

ஒருநாள் காலையில் பாப்பாத்தி அலறாத குறையாகக் கூப்பிட்டாள்.

"நர்சம்மா, ஈரம். நல்லா ஈரமா இருக்குது."

கண்ணகி ஓடி வந்தாள். ஊசி கையில் தயாராக இருந்தது. கண்ணைப் பார்த்தாள். நாடியைப் பிடித்தாள். நெஞ்சில் வெகுநேரம் காதை வைத்துக் கேட்டாள். கறகறப்பு இல்லை. காற்று மட்டும் போய் வந்துகொண்டிருந்தது. ஊசியைத் தட்டில் திருப்பி வைத்தாள்.

"போடுங்க நர்சம்மா, ஏன் நிறுத்திட்டீங்க" என்று பாப்பாத்தி பதறினாள்.

"வேணாம். இது வெஷத்து ஈரம் இல்ல. இது அவனோட சொந்த எச்சி" என்றாள் கண்ணகி. "தண்ணி குடு."

பாப்பாத்திக்கு நம்பிக்கை வரவில்லை. விரலை நாக்கிலிருந்து எடுக்கவே பயந்தாள். கண்ணகிதான் அந்தக் கையைப் பிடித்து எடுத்துச் சொம்பைக் கொடுத்தாள். வீரமுத்து ஒரு வாய் குடித்தான், விழுங்கினான், இன்னொரு வாய் குடித்தான். சொம்பைக் காலி செய்துவிட்டுப் பெண்சாதியை முறைத்தான்.

"இத்தினி நாளா கேட்டுக்கினே கீறேன், ஒரு சொட்டுத் தண்ணி குடுக்கல. நீயெல்லாம் ஒரு பொம்பளையா? இன்னொரு சொம்பு மொண்டுகினு வா."

பாப்பாத்தி அசையவில்லை, அவன் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள். சொம்பை எடுத்துக்கொண்டு பம்புக்கு ஓடியவன் முனியன். ஒரு கையால் அடித்துக்கொண்டு ஒரு கையால் சொம்பைப் பிடித்தான். சொம்பு நிறைந்து வழிந்து காலெல்லாம் நனைந்தது. அவன் அடிப்பதை நிறுத்தவில்லை. அழுதுகொண்டே அடித்துக்கொண்டிருந்தான்.