வாய் தைத்த பை

எண்பதுகளில் கல்முனைக் கடைத்தெருவில் எனக்குச் சட்டை தைத்த டெய்லர், குண்டூசிகளை உதட்டில் கவ்வியபடியே கதைப்பார். வருபவர் ஆசிரியர் என்றால் மட்டும் அவற்றை எடுத்துவிட்டு, "முட்டையும் இட்டுப் பாலும் குடுக்கிற மிருகம் இருக்கா சேர்?" என்று கேட்பார். இல்லை என்றவர்களின் சட்டைக்குப் பை வைக்கமாட்டார். மறந்துவிட்டதாகச் சொல்வார்.

நான் விஞ்ஞான ஆசிரியர். பிளாட்டிபஸ், எக்கிட்னா என்றேன். கடல் பிரித்து வைத்த அவுஸ்திரேலியாவில், குட்டியைப் பையில் வளர்க்கும் கங்காரு, கோலாக்களோடு அவையும் வாழ்கின்றன என்றேன்.

"சீனி சுத்தின தாள்ல அந்தப் படத்தக் கண்டு வகுப்பில சொன்னன். பொய்யன் எண்டு எங்கட சேர் என்னை வாங்குப் பலகையில ஏத்தி வெச்சு அடிச்சாரு. அதோட நான் இஸ்கூலுக்குப் போகல்ல."

ஒருநாள் நான் இருக்கும்போதே அந்த ஆசிரியர் சட்டை தைக்க வந்தார். வயதாகியிருந்தது. டெய்லரை அவருக்கு அடையாளம் தெரியவில்லை. வழக்கமான கேள்விக்குச் சிரித்தார்.

"ஓம், இருக்கே. எத்தின வருசம் நான் அதைப் படிப்பிச்சிருக்கன்."

டெய்லர் ஊசிகளை மீண்டும் வாயில் வைத்துக்கொண்டார்.

அடுத்த கிழமை சட்டை தயாராக இருந்தது. நேர்த்தியான தையல், அழகான பை. ஆசிரியர் மூக்குக்கண்ணாடியை அதில் வைக்கப் பார்த்தார். பையின் வாய் முழுவதும் நெருக்கித் தைக்கப்பட்டிருந்தது.

"இதென்ன?"

"பை இருக்குத்தானே சேர். இல்லையெண்டு நான் சொல்லல்லியே."

மறுநாள் வகுப்பில் பிரம்பை எடுத்தபோது, என் கை முதலில் என் சட்டைப் பையைத் தடவிப் பார்த்தது.