முந்தானையைக் கொடுத்த கை

ஒகேனக்கல்லுக்குக் கீழே இருக்கும் ஆற்றோர ஊர்களுக்குப் பரிசலில் போய், நான்கு பரிசல்களைச் சேர்த்துக் கட்டிப் பலகை போட்டுக் கூத்தாடுவது எங்கள் குடும்ப வழக்கம். நான் துச்சாதனன், என் தம்பி திரௌபதி. சேலையைத் தொடும் முன் கற்பூரம் ஏற்றி, அவன் காலில் விழுந்து மன்னிப்புக் கேட்பேன். அப்பா ஆடியபோதும் அப்படித்தான்.

போன வருடம் ஒரு விடுதிக்காரர் சுற்றுலா வந்தவர்களுக்காக ஆடக் கூப்பிட்டார். கரை முழுக்க மீன் வறுவலும் பீர் நாற்றமும்.

"கற்பூரமெல்லாம் வேணாங்க, சீக்கிரம் சேலைக்கு வாங்க" என்றார் விடுதிக்காரர். சரியென்று நேராக இழுக்க ஆரம்பித்தேன். கூட்டத்திலிருந்து ஒருவன், எண்ணெய்க் கையோடு பலகையில் ஏறினான்.

"குடுங்க, நான் இழுக்கறேன். டேய், வீடியோ எடுங்கடா!"

பல்லைக் காட்டிக்கொண்டே முந்தானையை அவன் கையில் கொடுத்தேன்.

அவன் இழுக்க இழுக்க விசில் பறந்தது. தம்பி மார்பைக் கைகளால் மறைத்தபடி என்னையே பார்த்தான். கரையேறியதும் கேட்டான்:

"அவன் குடிகாரன், வுடுண்ணா. நீ எதுக்குக் குடுத்த?"

அந்த எண்ணெய்க் கையை நான் மறந்துவிட்டேன். என் இளிப்பை நினைத்தால்தான் இன்றும் அருவருப்பாக இருக்கிறது.

இப்போதும் சேர்ந்துதான் ஆடுகிறோம். கற்பூரம் ஏற்றி அவன் காலில் விழுகிறேன். ஆனால் நான் வருவதற்குள் அவன் தோளிலும் இடுப்பிலும் ஊக்கு குத்தி முடித்திருப்பான். முன்பெல்லாம் குத்தியதே இல்லை.