உயிரோடிருப்பவருக்கு மாலை

பிரமிளா எழுதித் தயாரிக்கும் படங்களில் பாட்டு கிடையாது, அடிதடி கிடையாது. முதல் படத்தில் ஒரு பெண் பஸ்ஸுக்குக் காத்திருப்பாள், பஸ் வரும், படம் முடிந்துவிடும். "இதுக்கா ரெண்டு வருஷம்?" என்று மலேசியாவில் அவள் குடியிருக்கும் சுங்கை பினாங் அடுக்குமாடியே கேட்டாயிற்று. அவள் அசரவில்லை. பகலில் காப்புறுதி அலுவலக வேலை. மற்ற நேரம் கதை எழுதுவது, கேமராவுக்கு அலைவது, நடிக்கிறவர்களுக்கு நாசி லெமாக் சோறு கட்டிக்கொண்டு போவது. இப்படியே மூன்று படங்களை முடித்துவிட்டாள். உறுத்தியது ஒன்றுதான். கணவர் சுகுமாரன் எதையும் வந்து பார்த்ததில்லை. நல்லது கெட்டது என்று ஒரு வார்த்தை சொன்னதில்லை. தொழிற்சாலை பஸ் ஓட்டுகிற மனுஷன், பேச்சே குறைவு என்று அவளும் எத்தனை நாள்தான் மனதைத் தேற்றிக்கொள்வாள்?

நான்காவது படம் ஒரு விதவையின் கதை. சுவரில் மாலை போட்டு மாட்ட, செத்துப்போன கணவனின் போட்டோ வேண்டும். அங்கேதான் வந்தது வினை. நிஜமாகவே இழவு விழுந்த வீட்டில் போய்க் கேட்க அவளுக்கே மனம் வரவில்லை. உயிரோடிருக்கிற ஆண்பிள்ளைகளோ ஒருவர்கூட மசியவில்லை. லிட்டில் இந்தியாவில் துணிக்கடை வைத்திருக்கும் சுப்பையா, சேலையெல்லாம் இரவல் கொடுத்தவர், இதற்கு மட்டும் பெரிய கும்பிடாகப் போட்டார். "இருக்கறவனுக்கு மாலையா? ஆளை விடு தங்கச்சி, வீட்ல கொன்னுருவாங்க லா."

விடிந்தால் படப்பிடிப்பு. சாப்பிடும்போது பிரமிளா புலம்பித் தீர்த்தாள். சுகுமாரன் கையைக் கழுவினார், அலமாரியைத் திறந்தார், தன் போட்டோவை எடுத்து மேசைமேல் வைத்துவிட்டுப் போய்விட்டார். அவள் அதைப் பத்திரமாகப் பைக்குள் வைத்தாள். மறுநாள் அதற்கு மாலை போட்டுக் காட்சியை எடுத்தாள். முடிந்த கையோடு மாலையைக் கழற்றி எறிந்து, திருஷ்டிப் பூசணிக்காயும் உடைத்தாள்.

"இந்தப் படத்துக்காவது வாங்க. ஜனங்க உங்களை உயிரோட பாக்கணும்," என்று திரையிடலுக்குக் கூப்பிட்டாள். வந்தார். ஒரு பழைய கடைவீட்டு மாடியில் பிளாஸ்டிக் நாற்காலிகள், முன்வரிசையில் உட்கார்ந்தார். திரையில் விதவை போட்டோவைத் துடைத்தபடி சொன்னாள்: "இருந்தப்பவும் இப்படித்தான் பாத்துக்கிட்டே இருந்தீங்க. ஒரு வார்த்தை பேசல."

எல்லோரும் சிரித்தார்கள். சுகுமாரன் சிரிக்கவில்லை.

காரில் வீடு திரும்பினார்கள். அடுக்குமாடிக்குக் கீழே வண்டியை நிறுத்தியபிறகுதான் கேட்டார். "அந்த வசனம், என்னை நினைச்சு எழுதினதா?"

"ஆமா," என்றாள் பிரமிளா. இனி மறைக்க என்ன இருக்கிறது.

அவர் சாவியை உருவிக்கொண்டு கார்க் கதவைத் திறந்தார்.

"மேல போனதும் அந்த பஸ் படத்தைப் போடு," என்றார். "முதல்லேருந்து பாக்கணும்."