முதல் பாதிக்கு மட்டும் ஊர்க்காரர்

எங்கள் ஊர் உதைபந்தாட்ட அணியைப் பற்றி நல்லதாக ஒன்று சொல்லவேண்டுமென்றால், எல்லோரும் நேரத்துக்கு வருவார்கள் என்று சொல்லலாம். அதுவும் பொய். தொண்ணூறுகளில் ரொறன்ரோவில் எங்கள் யாழ்ப்பாணத்து ஊர் ஒவ்வொன்றுக்கும் ஒரு கழகம், கழகத்துக்கு ஒரு அணி இருந்தது. கோடை வந்தால் ஸ்காபரோவில் ஊர்களுக்கிடையே சுற்றுப்போட்டி நடக்கும். எங்கள் அணியில் பாதிப் பேர் இரவு வேலை முடித்து நேரே மைதானத்துக்கு வருகிறவர்கள். மீதிப் பேருக்குத் தொந்தி வைத்துவிட்டது. வருடா வருடம் முதல் சுற்றிலேயே தோற்று, மத்தியானச் சாப்பாட்டுக்கு வீட்டுக்குப் போய்விடுவோம். அந்த அணிக்கு நான்தான் பொறுப்பாளன். விளையாடத் தெரியாதவனைத்தான் பொறுப்பாளனாகப் போடுவார்கள்.

அவரை நான் கண்டது நான் வேலை செய்த பாண் சுடுகிற தொழிற்சாலையில். இடைவேளையில் எனக்கு எதிர்மேசையில் ஒரு பெரிய வெள்ளைக்காரர் பத்திரிகை படித்துக்கொண்டிருந்தார். எழுத்தெல்லாம் உருண்டை உருண்டையாக இருந்தது. மலையாளம் என்று நினைத்தேன். மலையாளம் படிக்கிற வெள்ளைக்காரன் இனி எங்கே கிடைக்கப்போகிறான் என்று மெல்லக் கதை கொடுத்தேன். ஜோர்ஜியா என்றார். அமெரிக்காவிலா என்று கேட்டேன். இல்லையாம். அப்படியென்றால் ரஷ்யாதானே என்றேன். பத்திரிகையை மடித்து வைத்துக்கொண்டு எழுந்து போனார். இரண்டு நாள் என் பக்கம் திரும்பவே இல்லை.

பிறகுதான் எனக்கு உறைத்தது. வெளிநாட்டுக்காரன் யாராவது நீ சிங்களமா என்று கேட்டால் எனக்கு எப்படி ஏறும் என்று எனக்குத் தெரியாதா? அடுத்த நாள் மனைவி சுட்ட ஆட்டிறைச்சி றோல்ஸ் கொஞ்சம் கட்டிக்கொண்டு போய் அவர் முன்னால் வைத்தேன். கடித்தார். உறைப்பில் கண் கலங்கியது. மூக்கைத் துடைத்துக்கொண்டு இன்னொன்று எடுத்தார். எங்கள் சிநேகிதம் அப்படித்தான் தொடங்கியது.

எங்கள் இருவருக்கும் நடுவே இருந்தது கால் முறிந்த ஆங்கிலம். அவர் சொன்னதையெல்லாம் நான் என் தமிழில்தான் விளங்கிக்கொண்டேன். இங்கேயும் அப்படியே எழுதுகிறேன்.

அவர் உதைபந்தாட்டத்தால் சோறு தின்றவர். முன்னால் ஓடிக் கோல் போடுகிற ஆள் இல்லை, பின்வரிசையில் நின்று தடுக்கிற ஆள். சோவியத் காலத்தில் எந்த ஊரிலாவது ஒரு தடுப்பாட்டக்காரனுக்குக் கால் உடைந்தால் இவருக்கு ரயில் டிக்கெட் வரும். நிலக்கரி தோண்டுகிற ஊர் ஒன்றில் ஆடினார். பருத்தி விளைகிற ஊர் ஒன்றில் ஆடினார். நாடு துண்டு துண்டாக உடைந்த பிறகு போலந்து, துருக்கி, கடைசியாகச் சைப்ரஸ். பேர்போன கழகம் ஒன்றுகூட இல்லை. சில கழகங்களின் பெயர் அவருக்கே சட்டென்று வராது, அந்த ஊர் சாப்பாட்டைச் சொல்லித்தான் ஞாபகப்படுத்திக்கொள்வார். வாழ்நாளில் போட்ட கோல்களே சொற்பம். அதில் ஒன்று சொந்தப் பக்கத்துக்குள்ளேயே தலையால் இடித்துப் போட்டது. அந்தக் கோலைப் பற்றித்தான் அதிகம் சொல்வார். அத்தனை அழகான தலையிடி பிறகு தனக்கு அமையவே இல்லையாம்.

எல்லாக் கழகமும் ஒரே மாதிரித்தான் அவரை வழியனுப்பியது. ஒரு அறைக்குக் கூப்பிடுவார்கள். மேசைக்குப் பின்னால் ஒருவர் இருப்பார். முதலில் புகழ்வார்கள்.

"தேத்தண்ணி தந்தால் முடிஞ்சுது எண்டு அர்த்தம்," என்றார்.

சைப்ரஸில் முழங்கால் வீங்கியிருந்தபோதும் அதே அறை, அதே தேநீர். அதற்குப் பிறகு மனைவியோடு கனடாவுக்கு வந்தவர், பந்தைத் தொடவில்லை. ஒருநாள் பாண் தட்டுகளை அடுக்கிக்கொண்டிருந்தபோது, இனி ஆட விருப்பமில்லையா என்று கேட்டேன். கையிலிருந்த தட்டைக் கீழே வைத்தார்.

"கடைசியா ஒருக்கா ஆடவேணும். ஆடிப்போட்டு நானா வெளியில வரவேணும். ஆரும் போ எண்டு சொல்லாமல். வேற ஒண்டும் வேண்டாம்."

இவ்வளவு பெரிய உடம்புக்குள் இவ்வளவு சின்ன ஆசையா என்று எனக்கு மனதைப் பிசைந்தது. அந்த வெள்ளிக்கிழமையே அவரைப் பயிற்சிக்குக் கூட்டிக்கொண்டு போனேன்.

எங்கள் பெடியள் முதலில் ஒருவரையொருவர் பார்த்தார்கள். மனிதர் ஓடவே இல்லை. நடந்தார், நின்றார், கையைக் காட்டினார். ஆனால் பந்து எங்கே வருமோ அங்கே அவர் ஏற்கெனவே நின்றார். பந்தைப் பறிகொடுத்தவன் கோபித்துக்கொள்ளக்கூட முடியாது, அவ்வளவு மரியாதையாக வாங்கிவிடுவார். ஒரு மாதத்துக்குள் தமிழும் கொஞ்சம் வந்துவிட்டது. "விடாதை", "உவனைப் பிடி", "பின்னுக்கு வா". இந்த மூன்றும் போதும் என்றார். எல்லோரும் அவரை அண்ணை என்று கூப்பிட்டோம். அவரைவிட வயதில் மூத்த எங்கள் கோல் காப்பாளரும் அண்ணை என்றுதான் கூப்பிட்டார்.

பயிற்சி முடிந்தால் யாராவது ஒருவருடைய வீட்டில் கார் விடுகிற கராச்சில் கூடுவோம். எங்கள் ஆட்கள் குடிக்கிற விதம் உங்களுக்குத் தெரியும். ஊற்றுவது, விழுங்குவது, பொரித்த இறைச்சியில் பெரிய துண்டாகப் பார்த்து எடுப்பது, இவ்வளவுதான். அவர் விடமாட்டார். யாராவது எழுந்து எதற்காகக் குடிக்கிறோம் என்று ஒழுங்காகப் பேசி முடிக்கும்வரை ஒருவரும் கிளாஸை வாயில் வைக்கக்கூடாது. அது அவர்கள் வழக்கமாம். முதலில் தாய்மாருக்கு, பிறகு செத்தவர்களுக்கு, பிறகு வந்திருக்கிற ஒவ்வொருவருக்கும். பியர் சூடாகிறதே என்று எனக்கு எரிச்சல் எரிச்சலாக வரும். ஆனால் வருடக்கணக்கில் பேசாமல் குடித்துவிட்டுப் போகிற எங்கள் கோல் காப்பாளர், ஒருநாள் எழுந்து, தன் தம்பியைப் பற்றி முதல்முறையாக எங்களுக்குச் சொன்னார். அன்று பியர் சூடானதை நானும் கவனிக்கவில்லை.

அந்தக் கோடையில் நாங்கள் வெல்லத் தொடங்கினோம். முதல் சுற்றில் வென்றபோது எங்கள் ஆட்களுக்கு அடுத்து என்ன செய்வதென்றே தெரியவில்லை, சாப்பாட்டுக்கு வீட்டுக்குப் புறப்பட்டவர்களை நான்தான் மறித்துப் பிடித்தேன். அரையிறுதியில் பக்கத்து ஊர் அணியை ஒரு கோலால் மடக்கினோம். இறுதிப் போட்டி அடுத்த ஞாயிற்றுக்கிழமை. அதுதான் தன் கடைசி ஆட்டம் என்று அவர் அன்றே என்னிடம் சொல்லிவிட்டார். முழங்கால் இனித் தாங்காதாம். மனைவியும் பார்க்க வரப்போகிறாராம். மனிதரின் முகத்தில் அப்படி ஒரு வெளிச்சத்தை நான் அதற்கு முன் கண்டதில்லை.

செவ்வாய்க்கிழமை தொலைபேசி வந்தது. பக்கத்து ஊர்க்காரர் ஆட்சேபம் போட்டுவிட்டார்கள். சுற்றுப்போட்டி விதியின்படி ஆடுகிறவன் அந்த ஊரில் பிறந்திருக்கவேண்டும், இல்லையென்றால் அந்த ஊரில் பெண் எடுத்திருக்கவேண்டும். இந்த வெள்ளைக்காரன் உங்கள் ஊரில் யார் வீட்டுப் பிள்ளை, யாருக்கு மாப்பிள்ளை? வியாழக்கிழமை ஆளையும் கூட்டிக்கொண்டு விசாரணைக்கு வா என்றார்கள்.

விசாரணை, சுற்றுப்போட்டிக் குழுத் தலைவர் யூனியன்வில்லில் வாங்கியிருந்த புதுவீட்டு பேஸ்மென்டில் நடந்தது. எங்கள் அண்ணை கோட்டும் ரையும் போட்டுக்கொண்டு வந்தார். எத்தனை அறைகளைப் பார்த்தவர்! உள்ளே போய் உட்கார்ந்ததும், தலைவரின் மனைவி மேலே இருந்து தட்டில் தேநீர் கொண்டுவந்தார். இவர் கோப்பையைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். எனக்குச் சிரிப்பு வந்தது. நாங்கள் வீட்டுக்கு வருகிற எல்லோருக்கும் தேநீர் கொடுப்போம் என்று காதில் சொன்னேன். நம்பவில்லை.

பக்கத்து ஊரின் சார்பில் வந்தவர் நியாயமான மனிதர்தான். வெளியாளை இறக்கலாம் என்றால் அடுத்த வருடம் எல்லோரும் பிரேசிலில் இருந்து இறக்குவார்கள், பிறகு இது என்ன ஊர்ப் போட்டி என்று கேட்டார். தலைவர் தொண்டையைச் செருமிக்கொண்டு, அவருடைய சொந்த ஊர் எது என்று கேட்கச் சொன்னார். கேட்டேன்.

கடற்கரை ஊர் என்றார் அவர். தோடம்பழம் காய்க்கிற ஊர். அங்கே சண்டை வந்து, இவருடைய சனம் முழுவதும் ஒரேயடியாக வெளிக்கிட்டு, மலையில் பனிக்குள்ளால் நடந்து போனதாம். இவருடைய தாயும் நடந்தார். இவர் அப்போது துருக்கியில் ஆடிக்கொண்டிருந்தார். தாய் உயிரோடு இருக்கிறாரா என்று தெரியாமலே அந்தக் கிழமையும் மைதானத்தில் இறங்கினார். ஆடாவிட்டால் சம்பளமில்லை. இப்போது தாய் தலைநகரத்தில் அகதிகளை வைத்திருக்கிற ஒரு பழைய விடுதி அறையில் இருக்கிறார். இவர்களுடைய வீட்டில் வேறு யாரோ இருக்கிறார்கள்.

"ஊர் இருக்கு," என்றார். "எங்கட ஆக்கள்தான் ஒருத்தரும் அங்க இல்லை."

இதை நான் தமிழில் சொன்னேன். யாழ்ப்பாணம் ஒரே இரவில் வெளிக்கிட்டு நடந்ததற்கு அடுத்த கோடை அது. அந்த பேஸ்மென்டில் இருந்த ஒவ்வொருவனும் அந்தச் செய்தியை ரொறன்ரோவில் தொலைபேசிக்குப் பக்கத்தில் இருந்து கேட்டவன். எங்கள் ஊரிலும் பக்கத்து ஊரிலும் அன்றைக்கு ஆமிக்காரனைத் தவிர ஒரு குருவி இல்லை. பக்கத்து ஊர்க்காரர் கார்ப்பெற்றைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

அப்போதே சரி ஆடட்டும் என்று சொல்லியிருந்தால் என்ன குறைந்திருக்கும்? ஆனால் குழு என்றால் குழு. எல்லோரும் மேலே போய்க் கதைத்துவிட்டு வந்தார்கள். தீர்ப்பு இதுதான்: அரையிறுதி வெற்றி செல்லும். இறுதிப் போட்டியில் அவர் முதல் பாதி ஆடலாம். இடைவேளையோடு எடுத்துவிடவேண்டும். இரண்டு பக்கத்துக்கும் நோகாத தீர்ப்பாம். எனக்கு உச்சியில் அடித்தது. ஒரு மனிதன் பாதி நேரம் ஊர்க்காரனும் பாதி நேரம் வெளியாளுமாக எப்படி இருக்கலாம் என்று சத்தம் போட்டேன். இவ்வளவு கிடைத்ததே பெரிய காரியம், பேசாமல் போ என்று தலைவர் என் தோளைத் தட்டினார்.

கெனடி வீதியால் திரும்பி வரும்போது அவருக்குத் தீர்ப்பை விளக்கினேன். சிரித்தார். தன்னை எத்தனையோ கழகம் இடையில் நிறுத்தியிருக்கிறது, ஆனால் நேரத்தை முன்கூட்டியே சொன்னது நீங்கள்தான் என்றார். கேட்டது ஒன்றே ஒன்று, அதையும் என் சனமே ஒரு அறைக்குள் தேநீரோடு பறித்துவிட்டது என்று எனக்கு ஆறவே இல்லை.

ஞாயிற்றுக்கிழமை வெயில் கொளுத்தியது. அவருடைய மனைவி மடிக்கிற கதிரையும் பாற்கட்டி வைத்துச் சுட்ட ரொட்டியும் கொண்டு வந்திருந்தார். எங்கள் வீட்டுப் பெண்கள் அவரை நடுவில் இருத்தி, முதல் வேலையாக அந்த ரொட்டி எப்படிச் சுடுவது என்று கையாலும் காலாலும் கேட்கத் தொடங்கினார்கள். தலைவர் கைக்கடிகாரத்தைப் பார்த்தபடி மைதானக் கோட்டோரம் வந்து நின்றார். மறந்துபோய் அவரை இரண்டாம் பாதிக்கும் இறக்கிவிடுவேனோ என்று பயம்.

அந்த ஆட்டத்தை இரண்டாம் பாதியில் தோற்றோம் என்பதை இங்கேயே சொல்லிவிடுகிறேன். ஆனால் முதல் பாதியில் எங்களைத் தாண்டி ஒருவனும் போகவில்லை. எதிரணியில் மான்ரியாலில் இருந்து வந்த வேகமான பெடியன் ஒருவன் இருந்தான். அவன் எத்தனை தரம் ஓடிவந்தாலும் இவர் அவனுக்கு முன்னால் வழிகேட்கிறவர் மாதிரி நின்று பந்தை எடுத்துக்கொண்டு போனார். எனக்குப் பெருமையில் நெஞ்சு விம்மியது. இடைவேளை நெருங்க நெருங்க நானும் தலைவர் மாதிரிக் கடிகாரத்தைப் பார்க்கத் தொடங்கினேன். விசில் ஊதியதும் அவரிடம் போய், சரி வாருங்கள் என்று நான்தானே சொல்லவேண்டும்.

இடைவேளைக்குக் கொஞ்ச நேரம் இருக்கும்போது பந்து வெளியே போனது. அவர் என்னைப் பார்த்துக் கையை உயர்த்தினார். முழங்கால் போய்விட்டது என்று நினைத்து ஐஸ் பையைத் தூக்கிக்கொண்டு கோட்டுக்கு ஓடினேன். அவர் நொண்டவில்லை. கோல் காப்பாளரிடம் போய்க் கைகொடுத்தார். பின்வரிசைப் பெடியள் ஒவ்வொருவருக்கும் கொடுத்தார். மான்ரியால் பெடியனின் தலையைத் தடவினார். நடுவர் விசிலை வாயில் வைத்தபடியே ஊதாமல் நின்றார். மைதானம் முழுவதையும் குறுக்காக நடந்து, அவசரமில்லாமல், வெள்ளைக் கோட்டைத் தாண்டி என்னிடம் வந்தார்.

"கால் நல்லா இருக்கு," என்று சொல்லிவிட்டு, மனைவிக்குப் பக்கத்தில் புல்லில் இருந்து சப்பாத்தைக் கழற்றினார்.

எங்கள் சனம் கைதட்டத் தொடங்கியது. தலைவர் கடிகாரத்தைத் தட்டிக் காட்டிக்கொண்டு என்னிடம் வந்தார்.

"இன்னும் நேரம் இருக்கே, ஏன் அதுக்குள்ள ஆளை எடுத்தனீ?"

"நான் எடுக்கேல்லை அண்ணை," என்றேன். "அவரா வந்தவர்."