பஸ்குவாலே, உத்தர நட்சத்திரம்

மகளுக்கு ஆண்பிள்ளை பிறந்த அன்று, மெல்பன் ஆசுபத்திரிக் கட்டிலில் இருந்தபடியே அவள் பிள்ளையின் பெயரைச் சொல்லிவிட்டாள். பஸ்குவாலே. என் சம்பந்தியின் பெயர். இத்தாலியின் தெற்குப் பக்கத்து வழக்கமாம்: மூத்த பேரனுக்கு அப்பாவைப் பெற்றவரின் பெயர். யாரும் கூடிப் பேசுவதில்லை, யாரையும் கேட்பதில்லை. பிள்ளை பிறக்கும் முன்பே பெயர் தயாராக இருக்கும்.

எனக்கு வயிறு எரிந்தது. அதை மறைத்து என்ன பயன்?

சம்பந்தி பெரிய படிப்புப் படித்தவர் அல்லர். ஆனால் அந்தப் பெயரைப் பற்றிக் கேட்டால் போதும், நிறுத்தமாட்டார். ஆசுபத்திரியில் கோப்பி குடித்தபடியே முழுக் கதையையும் சொன்னார். அவர்கள் மொழியில் பஸ்குவா என்றால் ஈஸ்டர். அந்த நாட்களில் பிறந்த பிள்ளைகளுக்கு வைக்கத் தொடங்கிய பெயர். லத்தீனில் இருந்து வந்தது, லத்தீனுக்குக் கிரேக்கத்தில் இருந்து, கிரேக்கத்துக்கு எபிரேயத்தில் இருந்து. எகிப்தில் அடிமைகளாக இருந்தவர்களின் வீடுகளைச் சாவு தொடாமல் கடந்து போனதை நினைவுகூரும் சொல். யாழ்ப்பாணத்தில் கத்தோலிக்க அயலவர்கள் சொல்லும் பாஸ்காவும் அதே வேர்தான் என்பது எனக்கு அப்போதுதான் உறைத்தது. அந்தப் பெயரோடு இரண்டு பாப்பரசர்கள் இருந்திருக்கிறார்கள். ஆடு மேய்த்து, பிறகு மடத்துக் குசினியில் வேலை செய்த ஒரு புனிதரும் இருக்கிறார்.

என் பெயருக்கும் கதை உண்டு. ஒருவரும் கேட்கவில்லை.

வீட்டுக்கு வந்ததும் குற்றம் தேடினேன். "ஈஸ்டர் முடிஞ்சு எத்தினை மாசம்? ஜூலைக் குளிரிலை பிறந்த பிள்ளைக்கு இது என்ன பேர்?" என்று மனைவியிடம் கேட்டேன்.

"உங்கட பேருள்ள சாமிக்கு எப்ப திருவிழா? நீங்கள் அண்டைக்கே பிறந்தனீங்கள்?" என்றாள் அவள்.

சரி, நட்சத்திரமாவது என் பக்கம் நிற்கும் என்று பஞ்சாங்கத்தைப் புரட்டினேன். பிள்ளை உத்தரம். அதற்குரிய பெயர் எழுத்துகளில் ஒன்று 'ப'. பஞ்சாங்கமும் இத்தாலிக்காரனோடு சேர்ந்துவிட்டது.

முப்பத்தொன்றாம் நாள் துடக்குக் கழிந்ததும் பிள்ளையை, நகரத்துக்கு வெளியே த பேசின் என்ற இடத்தில் இருக்கும் பிள்ளையார் கோயிலுக்குக் கொண்டு போனோம். சம்பந்தியும் வந்தார். ஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டை, வாரிய தலை. அர்ச்சனையில் பேரனின் பெயரைச் சாமிக்குச் சொல்வார்கள் என்று மகள் அவருக்கு விளக்கியிருந்தாள். தன் பெயர் மந்திரத்தோடு ஒலிப்பதைக் கேட்கத்தான் அத்தனை அலங்காரமும்.

எங்கள் முறை வரும் நேரம் பார்த்துப் பிள்ளை அழுதான். பம்பேர்ஸ் மாற்றவேண்டும் என்று மகளும் மருமகனும் காருக்கு ஓடினார்கள். பையைத் தூக்கிக்கொண்டு மனைவியும் பின்னால் போனாள். வரிசையில் நானும் சம்பந்தியும் மட்டும்.

ஐயர் தட்டை வாங்கினார். "பிள்ளையின்ர பேர்?"

நான் என் பெயரைச் சொன்னேன். என் முழுப் பெயரை, பன்னிரண்டு எழுத்தையும். ஆத்திரத்தில் சொன்னேன் என்று சொல்லமாட்டேன். நிதானமாகவே சொன்னேன். ஐயர் அதை உத்தர நட்சத்திரத்தோடு சேர்த்து மணியடித்துச் சொன்னபோது எனக்கு உடம்பெல்லாம் குளிர்ந்தது.

"சொன்னாரா?" என்று சம்பந்தி ஆங்கிலத்தில் கிசுகிசுத்தார்.

"சொன்னார். சமஸ்கிருதத்தில் ஓசை மாறும்."

அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். பிரகாரத்தில் என் கையைப் பிடித்து நிறுத்தினார். மெல்பனுக்கு வந்த முதல் நாளே தொழிற்சாலை மேற்பார்வையாளன் அவர் பெயரைக் கேட்டுச் சிரித்தானாம். இனி உன் பெயர் சார்லி என்றானாம். ஓய்வு பெறும் வரை சார்லிதான். பிரியாவிடைக் கேக்கிலும் சார்லி. "என் பெயரை இத்தனை பேர் நடுவில் யாரும் சத்தமாகச் சொன்னதில்லை. இன்றைக்குத்தான்" என்றார்.

என் பெயரை யாரும் பறிக்கவில்லை. இங்கே வந்து முதல் வேலைக்கு விண்ணப்பம் எழுதியபோது, எவரும் கேட்காமலே, நானே முதல் மூன்று எழுத்தோடு வெட்டிக்கொண்டேன். ஆபீசிலும் அதுதான். சம்பந்தி கூப்பிடுவதும் அதுதான்.

"எங்கள் வழக்கத்தில் இரண்டாவது பேரனுக்கு அம்மாவைப் பெற்றவரின் பெயர். அது உனக்கு" என்றார். "கல்யாணக் கார்ட்டில் நீளமான பெயர் ஒன்று பார்த்தேன். எனக்கு வாசிக்கத் தெரியவில்லை. எப்படிச் சொல்வது? நான் இப்போதே பழகவேண்டும்."

சொல்லியிருந்தால் அடுத்த நிமிடமே பிடிபட்டிருப்பேன். ஐயர் வாயிலிருந்து அதே ஓசையைச் சற்று முன்தான் அவர் கேட்டவர்.

"அந்த நீட்டுப் பெயர் எனக்கே பிடிக்காது. நீங்கள் கூப்பிடுவதுதான் என் பெயர்" என்றேன்.

இரண்டு வருடம் கழித்து இரண்டாவது பேரன் பிறந்தான். சம்பந்தி வாக்குத் தவறவில்லை. மகளிடமும் மருமகனிடமும் தானே பேசி முடித்துவிட்டார். மகள் என் கையைப் பிடித்து, "லோங் நேம் உங்களுக்குப் பிடிக்காது எண்டு எனக்கு ஒருநாளும் சொல்லேல்லையே, அப்பா. நான் அதைத்தான் நினைச்சு வைச்சிருந்தனான்" என்றாள். நான் தலையாட்டினேன். மூத்தவனை யாராவது சுருக்கிக் கூப்பிட்டால் சம்பந்தி விடுவதே இல்லை. பாலர் வகுப்புப் பிள்ளைகள்போல எல்லோரும் அவர் முன்னால் பஸ்குவாலே என்று நிறுத்திச் சொல்லவேண்டும்.

முப்பத்தொன்று கழிந்து மறுபடியும் த பேசின். இம்முறை எல்லோரும் கூடி நின்றோம். அதே ஐயர். "பிள்ளையின்ர பேர்?"

நான் வாயைத் திறக்கும் முன் சம்பந்தி முந்திக்கொண்டார். பழகி வைத்திருந்த அந்த மூன்று எழுத்தையும் உரக்க, பெருமையாகச் சொன்னார்.

ஐயர் என்னைப் பார்த்தார். "முழுப் பேரைச் சொல்லுங்கோ."

"அதுதான் ஐயா முழுப் பேர்" என்றேன்.