கப்டன் ஒக்கர்மனின் ஐயாயிரம் பேர்

சுவிஸில், ரைன் ஆற்றங்கரைச் சிறுபட்டணம் ஒன்றின் அருங்காட்சியகத்தைப் பத்தொன்பது வருடமாகக் கூட்டித் துடைத்து வருபவர் கனகரத்தினம். காலை ஆறு மணிக்கு உள்ளே போனால், ஒன்பதுக்குக் கதவு திறக்கும்வரை மூன்று மாடிகளும் அவருடையவை. மேல்மாடி மூலை அறை மட்டும் நீல்ஸ் ஒக்கர்மனுக்குச் சொந்தம். ஏறத்தாழ நானூறு வருடத்துக்கு முந்திய முப்பதாண்டுப் போரில் இந்த ஊர் வழியாகப் போன சுவீடன் படையின் கப்டன். அவர் வீட்டுக்கு எழுதிய கடிதங்களை ஜெர்மனில் பெயர்த்துப் பெரிய எழுத்தில் சுவர் நிறைய மாட்டியிருந்தார்கள்.

வகுப்புக்குப் போக நேரம் வாய்க்காத கனகரத்தினம் ஜெர்மன் படித்தது அந்தச் சுவரில்தான். ஒரு வரி, பிறகு ஒரு இழுவை துடைப்பம். பதினேழு வயதில் ஏரை வயலில் விட்டுவிட்டுத் துவக்குத் தூக்கினான் உழவன் மகன் நீல்ஸ். பிரைட்டன்ஃபெல்டில் தோளில் குண்டு பட்டது. லூட்சனில் பனிமூட்டத்துக்குள் படை தன் அரசரைத் தொலைத்தது. கொடி பிடித்தவன் விழ, அதை நீல்ஸ் எடுத்தான். அடுத்த வசந்தத்தில் அவன் கப்டன். மார்கழிக் காலைகளில் ஆற்றுப் பனி எழுந்து யன்னலை மூடும்போது, ஈரத் தரையில் குளம்புச் சத்தம் மெல்லக் கேட்பதாக மனைவி ராஜேஸ்வரியிடம் அவர் சொன்னதுண்டு.

"குதிரை வந்தால் அதையும் துடைச்சுப்போட்டு வாங்கோ," என்றாள் அவள்.

வருடத்தில் நான்கு தடவை வாக்குச்சீட்டு உறைகள் வீட்டுக்கு வரும். மனைவிக்கு ஒன்று, மகள் ஹரிஷாவுக்கு ஒன்று. ஜெர்மனில் கேள்வி கேட்பார்களே என்று பயந்து பயந்து, குடியுரிமைக்கு விண்ணப்பிக்காமல் முப்பத்துநான்கு வருடத்தைக் கடத்தியவருக்கு ஒன்றுமில்லை. ஐம்பத்தெட்டு வயதில் ஒருவழியாக விண்ணப்பித்தார். ஒரு ஐப்பசிப் பின்னேரம், ஊர்மன்றக் கட்டிடத்தில் நாலு பேர் கொண்ட குழு அவரைக் கூப்பிட்டது.

மாநிலங்கள், மலைகள், மந்திரிகள் என்று ஹரிஷா ஒரு மாதமாகப் பாடமாக்க வைத்திருந்தாள். குழுத் தலைவியோ புன்னகைத்தபடி ஒன்றே ஒன்றைத்தான் கேட்டார்: "இந்த நாட்டுக்குள் எப்படி வந்தீர்கள்? உங்கள் சொற்களில் சொல்லுங்கள்."

கடைக்கும் வேலைக்கும் போதுமான துண்டு ஜெர்மன் கனகரத்தினத்திடம் இருந்தது. ஆனால் ஒரு வாழ்க்கையைத் தொடர்ச்சியாகச் சொல்ல அவருக்குத் தெரிந்தது சுவரின் ஜெர்மன் மட்டுமே. யன்னலுக்கு வெளியே ஆறு வெண்மையாகப் புகைந்துகொண்டிருந்தது. அதைப் பார்த்தபடியே தொடங்கினார்.

"விடியுமுன் பாலத்தைக் கடந்தோம். எவரிடமும் அனுமதி கேட்கப்படவில்லை. எங்கள் காலடியில் ஆறு உறங்கிக் கிடந்தது."

தலைவியின் பேனா நின்றது. "எத்தனை பேர்?"

"ஐயாயிரம். குதிரைகளும் பீரங்கிகளும் தனி."

ஒருவரும் சிரிக்கவில்லை. அவருக்கோ அந்த அறையே கரைந்துபோயிருந்தது. தோளில் ஈரக் கம்பளியின் பாரம், முன்னே மூச்சுப்புகை விட்டபடி நகரும் குதிரைகள். "பசியோடு வந்தோம். ஊரார் யன்னல்களுக்குப் பின்னால் நின்று பார்த்தார்கள். ஒரு பெண் ரொட்டி தந்தாள். அவள் பெயரைக் கேட்க நேரம் வாய்க்கவில்லை."

குழுவிலிருந்த பால்பண்ணைக்காரர் மேசையை மெதுவாகத் தட்டினார். "இது கப்டன் ஒக்கர்மன். எங்களைப் பள்ளிக்கூடத்தில் பாடமாக்க வைத்தார்கள்."

எல்லாம் போச்சு என்று கனகரத்தினம் நினைத்தார்.

"மன்னிக்கவேணும். அது அவர்," என்றார், இப்போது தன் துண்டு ஜெர்மனில். "நான் லொறி. கியாசோ எல்லை. ஏழு பேர். தக்காளிப் பெட்டிக்குப் பின்னால. அனுமதி, நானும் கேக்கேல்லை."

"அப்படியானால் ரொட்டி?" என்றார் பால்பண்ணைக்காரர்.

"ரொட்டி எனக்கும் கிடைச்சது. கியாசோ ஸ்டேசன். ஒரு பொம்பிளை. பேர் தெரியாது."

பிறகு தலைவி கேட்டார்: "கப்டன் கடைசியில் என்ன ஆனார்?"

"மேஜர் ஆனார். பதினாறு நாளில நோர்ட்லிங்கன் சண்டை. அதில செத்தார். வீடு போய்ச் சேரேல்லை."

"நீங்கள்?"

"என்ர வீடு ஸ்டேசன் வீதி, பதினாலு. நடந்தால் ஆறு நிமிசம்."

அவரை வெளியே இருக்கச் சொன்னார்கள். கால் மணி நேரம் போனது. திரும்பக் கூப்பிட்டு, குழு அவருடைய விண்ணப்பத்தை ஏற்றுக்கொண்டதாகத் தலைவி அறிவித்தார். மூன்று பேர் ஆம், ஒருவர் இல்லை.

ஆற்றோரமாக நடக்கையில், கூட்டிப் போக வந்திருந்த ஹரிஷா அவருடைய கையைக் கோத்துக்கொண்டாள். அவர் முகத்தில் இன்னும் தெளிவில்லை.

"அந்த ஒராள் ஆராயிருக்கும், பிள்ளை?"

"பாஸ்தானே அப்பா. ஆரெண்டு தெரிஞ்சு என்ன செய்யப் போறியள்?"

"செய்ய ஒண்டுமில்லை. தெரியாதபடியால் இனிக் கடையில, பஸ்ஸில எங்க கண்டாலும் நாலு பேருக்கும் நான்தான் முதல் வணக்கம் சொல்லவேணும்."