சிரில் பேசிய மதியம்

வில்ஃப்ரெட் ஹெஸ்கெத் என்ற நடிகரை நீங்கள் கேள்விப்பட்டிருக்க மாட்டீர்கள். இங்கிலாந்தில் எங்கள் பர்ன்லி ஊர் நாடகக் கொட்டகையில் அவருக்கு உடுப்பு மாட்டிவிட்டவள் நான். வாரம் ஒரு நாடகம் எங்களுக்கு. இந்த வாரம் பாதிரியார், அடுத்த வாரம் கசாப்புக்காரர். கதாநாயகனுக்கு ஏற்ற மூஞ்சி இல்லை என்று கொட்டகை முதலாளி அவர் முகத்துக்கு நேரே சொல்வார். அந்த முதலாளி மூஞ்சி மட்டும் என்ன வாழ்ந்ததாம்!

அப்புறம் சிரில் டக்வொர்த்தின் கதையை, பேரை மட்டும் மாற்றி நாடகமாக்கினார்கள். மனைவியைக் கொன்றான் என்று தூக்கிலிடப்பட்ட எங்கள் ஊர்க்காரன். அந்த வேஷம் ஹெஸ்கெத்துக்குக் கிடைத்தது. சிரில் வேலை பார்த்த நூற்பாலைக்குப் போய், பழகியவர்களிடம் கேட்டுக் கேட்டு, அவன் பேச்சையும் இருமலையும் அப்படியே பிடித்துக்கொண்டு வந்தார். பார்த்தவர்கள் வெலவெலத்துப் போனார்கள். லண்டன் நாடகக் கம்பெனிக்காரர் ஒருவர் வந்து பார்த்துவிட்டு, உடனே கிளம்பி வரச் சொன்னார்.

புதன்கிழமை மதிய ஆட்டம் முடிந்து, வேஷம் கலைக்காமல் ஹெஸ்கெத் தேநீர் குடித்துக்கொண்டிருந்தார். அப்போது சிரிலின் தாய் ஆக்னஸ் வந்தாள். மகன் குற்றமற்றவன் என்று ஊரோடு மல்லுக்கு நின்றவள். சண்டைக்குத்தான் வந்திருக்கிறாள் என்று கதவை மறித்தேன். அவளோ சத்தமே போடவில்லை.

"தூக்குல போடறதுக்கு முன்னாடி அவனைப் பார்க்க என்னை விட்டாங்க தம்பி. செஞ்சியான்னு கேட்டா சந்தேகப்படறேன்னு நெனைச்சுப்பானேன்னு கேக்காமலே வந்துட்டேன். நீ அவன் குரல்ல ஒரு தடவை சொல்லிடேன், நான் செய்யலன்னு. அது போதும் எனக்கு."

வேண்டாம் என்று அவருக்குத் தலையாட்டினேன். மனுஷர் இளகிவிட்டார். எழுந்து, சிரில் மாதிரியே ஒரு தோளைச் சாய்த்துக்கொண்டார்.

"நான் செய்யலம்மா. சத்தியமா செய்யல."

அங்கே நின்றது ஹெஸ்கெத் இல்லை.

ஆக்னஸ் அவரையே பார்த்தாள். அவள் முகம் மெல்லச் செத்துப்போனது.

"அவனேதான்," என்றாள். "சின்ன வயசுல பொய் சொல்றப்போ இப்படித்தான் சொல்லுவான்."

அவள் போன பிறகு தேநீர் ஆறிக் கிடந்தது. ஹெஸ்கெத் லண்டன் போகவில்லை. அதற்கப்புறம் தட்டு ஏந்தி வரும் வேலைக்காரன், கதவைத் தட்டும் போலீஸ்காரன் என்று ஒரு வரி வேஷங்களைத்தான் கேட்டு வாங்கினார். முதலாளி அவரைக் கிறுக்கன் என்றார். ஒவ்வொரு நாளும் நான் சட்டைப் பொத்தான் போட்டுவிடும்போது கண்ணாடியைப் பார்க்காமல் என்னிடம் கேட்பார்.

"அவன் நல்லவன்னு மனசார நம்பித்தான் சொன்னேன், எடித். அந்தப் பொய் எங்கேருந்து வந்துச்சு?"